வீடியோ கால் ஓடும்போது வேறு ஆப் திறக்கலாமா? அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

எங்கள் குடும்பத்தில் ஃபோன் பற்றிய புகார் எல்லாம் சுற்றிச் சுற்றி என்னிடம்தான் வந்து நிற்கும். ஞாயிற்றுக்கிழமை காலையில் சிங்கப்பூரிலிருந்து அண்ணன் வாட்ஸ்அப்பில் கூப்பிடுவான். அம்மா பேசிக்கொண்டிருக்கும்போதே ஏதோ ஒரு ஃபோட்டோவைத் தேடப் போவார், அண்ணன் முகம் காணாமல் போகும், "டேய், இங்க வா, அண்ணன் போயிட்டான்" என்று சமையலறை வரை குரல் கேட்கும். அவன் எங்கேயும் போயிருக்க மாட்டான். இப்படி அம்மாவும் சித்தியும் மாமாவும் அலுவலக நண்பர்களும் கேட்டவற்றைத்தான் இங்கே சேர்த்திருக்கிறேன்.

பேசிக்கொண்டிருக்கும்போது வேறு ஆப்புக்குப் போனால் கால் கட் ஆகிவிடுமா?

பொதுவாக ஆகாது. சிவப்புப் பொத்தானை அழுத்தினால்தான் கட் ஆகும். கீழிருந்து மேலே தள்ளி ஹோம் திரைக்குப் போனால் எதிரில் இருப்பவர் ஒரு சின்ன ஜன்னலுக்குள் ஒதுங்கிக்கொள்வார், பேச்சு தொடரும். இதற்குப் பிக்சர்-இன்-பிக்சர் என்று பெயர். ஆண்ட்ராய்டு ஃபோன்களுக்கு இது 2017-ல் ஆண்ட்ராய்டு 8 உடன் வந்தது. ஆப்பிள் 2015-லேயே ஐபேடில் கொடுத்துவிட்டு, ஐஃபோனுக்கு 2020-ல் ஐஓஎஸ் 14 வரை காக்க வைத்தது.

வாட்ஸ்அப்புக்குள்ளேயே வேறு ஒருவரின் சாட்டைப் பார்க்க வேண்டும் என்றால் ஹோம் வரை போகத் தேவையில்லை. கால் திரையின் மேல் மூலையில் இருக்கும் அம்புக்குறியைத் தொட்டால் போதும்.

எனக்கு அந்தச் சின்ன ஜன்னல் வரவே இல்லையே?

மூன்று காரணங்களில் ஒன்றாக இருக்கும்.

பெரும்பாலும் அனுமதி அணைந்திருக்கும். ஆண்ட்ராய்டில் செட்டிங்ஸ் போய், ஆப்ஸ், அதற்குள் ஸ்பெஷல் ஆப் ஆக்சஸ், அதற்குள் பிக்சர்-இன்-பிக்சர் என்று தேடுங்கள். சில கம்பெனி ஃபோன்களில் இந்த வரிசை கொஞ்சம் மாறும். செட்டிங்ஸ் மேலே இருக்கும் தேடல் பெட்டியில் பிக்சர் என்று அடித்தால் கொண்டுபோய் விட்டுவிடும். ஐஃபோனில் செட்டிங்ஸ், ஜெனரல், பிக்சர் இன் பிக்சர். அங்கே தானாகத் தொடங்கும்படி ஒரு சுவிட்ச் இருக்கும்.

இரண்டாவது, பழைய ஆப். ஐஃபோன் வாட்ஸ்அப்புக்கு இந்த வசதி 2023-ல்தான் வந்தது. அப்டேட் செய்யாமலே வைத்திருப்பவர்கள் இன்னும் இருக்கிறார்கள். எங்கள் மாமாவிடம் கேட்டால், "அப்டேட் பண்ணா ஃபோன் ஸ்லோ ஆயிடும்" என்பார்.

மூன்றாவது, ஃபோனின் சக்தியே குறைவு. ராம், அதாவது ஆப்கள் ஓடத் தேவையான தற்காலிக நினைவகம், குறைவான மலிவு விலை ஃபோன்களில் இந்த வசதி இல்லாமலே வரலாம் என்று ஆண்ட்ராய்டின் விதிமுறையே இடம் கொடுக்கிறது. அந்த ஃபோனில் செட்டிங்ஸைக் குடைந்து பயனில்லை.

ஜன்னல் சரியாக நான் தொட வேண்டிய இடத்தில் வந்து உட்கார்கிறது. என்ன செய்வது?

விரலால் இழுத்து வேறு மூலைக்குத் தள்ளுங்கள். இரண்டு விரலால் விரித்தால் பெரிதாகும், குவித்தால் சிறிதாகும். ஐஃபோனிலும் ஆண்ட்ராய்டு 12 முதல் வந்த ஃபோன்களிலும் ஓரமாகத் தள்ளினால் திரைக்கு வெளியே ஒளிந்துகொண்டு நுனி மட்டும் தெரியும். வேண்டும்போது நுனியைப் பிடித்து இழுத்துக்கொள்ளலாம். ஆண்ட்ராய்டில் கீழே இழுத்து எக்ஸ் குறிமேல் போட்டால் ஜன்னல் மூடிவிடும். ஜன்னல் போனதாலேயே கால் போய்விட்டது என்று நினைத்துவிடாதீர்கள். திரையை மேலிருந்து இழுத்து நோட்டிஃபிகேஷனில் கால் இன்னும் ஓடுகிறதா என்று பாருங்கள். "வெச்சுட்டேன்" என்று நினைத்துக்கொண்டு பேசக் கூடாததைப் பேசியவர்கள் உண்டு.

நான் வேறு ஆப்புக்குப் போனால் எதிரில் இருப்பவருக்கு என்ன தெரியும்?

எல்லோரும் தப்பாக நினைத்துக்கொண்டிருப்பது இதைத்தான். அவர் சின்னதாகிப் போனதால், நாமும் அவர் திரையில் சின்னதாகிவிட்டோம் அல்லது மறைந்துவிட்டோம் என்று ஒரு பிரமை வந்துவிடுகிறது. அப்படி எதுவும் நடப்பதில்லை. சின்ன ஜன்னல் இருக்கும் பெரும்பாலான ஃபோன்களில் உங்கள் முன் கேமரா அப்படியே ஓடிக்கொண்டிருக்கும். அவர் திரையில் உங்கள் முகம் முழு அளவில் இருக்கும். நீங்கள் இன்ஸ்டாகிராமில் ரீல்ஸ் தள்ளிக்கொண்டிருக்கும்போது அவர் உங்கள் மூக்கைப் பார்த்துக்கொண்டிருப்பார்.

எனக்கே நடந்தது. பெரியப்பாவுக்கு ஆபரேஷன் முடிந்த மறுநாள் குடும்பம் முழுக்கச் சேர்ந்த குரூப் கால். டாக்டர் என்ன சொன்னார், தையல் எத்தனை என்று பெரியம்மா நிதானமாகச் சொல்லிக்கொண்டிருந்தார். நண்பன் ஒருவன் அனுப்பிய மீம் வந்தது. திறந்தேன், சிரித்தேன். சத்தமாகக்கூட இல்லை. "என்னடா சிரிக்கிறே?" என்று பெரியம்மா கேட்டபோதுதான் கேமரா இன்னும் என்மேல் இருக்கிறது என்று உறைத்தது. இன்றுவரை அந்தச் சிரிப்புக்கு என்னிடம் நல்ல பதில் இல்லை.

ஐஃபோனில் கதை கொஞ்சம் வேறு. ஆப்பை விட்டு வெளியே வந்ததும் கேமராவை நிறுத்திவிடுவது ஆப்பிளின் பழைய பழக்கம். ஃபேஸ்டைம் என்ற வீடியோ கால் ஆப் அவர்களுடைய சொந்தப் பிள்ளை என்பதால் அதற்கு முதலில் சலுகை கிடைத்தது. மற்றவர்கள் தனியாக அனுமதி கேட்டு வாங்க வேண்டியிருந்தது. 2024-ல் வந்த ஐஓஎஸ் 18 அந்தக் கதவை அகலத் திறந்தது. ஆகவே ஐஃபோனில் நீங்கள் வெளியே வந்தால், ஆப்பையும் பதிப்பையும் பொறுத்து, உங்கள் முகம் ஓடிக்கொண்டிருக்கலாம் அல்லது வீடியோ நிறுத்தப்பட்டது என்று ஒரு வரி அவருக்குத் தெரியலாம்.

சந்தேகமாக இருந்தால் திரையின் மேல் விளிம்பைப் பாருங்கள். ஐஃபோனில் பச்சைப் புள்ளி இருந்தால் கேமரா ஓடுகிறது, ஆரஞ்சுப் புள்ளி என்றால் மைக் மட்டும். ஆண்ட்ராய்டு 12 முதல் வலது மேல் மூலையில் பச்சையாக ஒரு குறி வரும், திரையை மேலிருந்து இழுத்து அதைத் தொட்டால் எந்த ஆப் கேமராவையோ மைக்கையோ பிடித்து வைத்திருக்கிறது என்று காட்டும். இதைவிட எளிய வழி ஒன்று உண்டு. வேறு ஆப்புக்குப் போகும் முன் கேமராவை நீங்களே அணைத்துவிடுங்கள். "ஒரு நிமிஷம், ஒரு மெசேஜ் பார்த்துட்டு வரேன்" என்று வாயால் சொல்லிவிட்டால் இன்னும் நல்லது.

முகம் தெரியும், சரி. நான் எந்த ஆப்பில் இருக்கிறேன் என்று கண்டுபிடிக்க முடியுமா?

உங்கள் திரையையே அவருக்குக் காட்டும் ஸ்க்ரீன் ஷேர் செய்யாத வரை முடியாது. உங்களுக்கு வரும் நோட்டிஃபிகேஷனும் அவருக்குத் தெரியாது.

ஆனால் ஒரு காலத்தில் ஜூமில் கவனத்தைக் கண்காணிக்கும் வசதி ஒன்று இருந்தது. யாராவது திரையைப் பகிர்ந்துகொண்டிருக்கும்போது நீங்கள் 30 நொடிக்கு மேல் ஜூமை விட்டு வேறு எங்காவது போனால், கூட்டத்தை நடத்துபவருக்கு உங்கள் பெயருக்குப் பக்கத்தில் ஒரு அடையாளம் விழும். கொரோனா ஊரடங்கில் உலகமே ஜூமுக்கு வந்தபோது இதற்குக் கடும் எதிர்ப்பு கிளம்பி, 2020 ஏப்ரலில் அதை எடுத்துவிட்டார்கள். அலுவலகத்தில் இன்றும் சிலர் அது இருப்பதாகவே நம்பிக்கொண்டு பயப்படுகிறார்கள்.

ஆப் காட்டிக்கொடுக்காவிட்டாலும் கண் காட்டிக்கொடுக்கும். கண்ணாடி போட்டவர்கள் கூடுதலாகக் கவனிக்கவும். திரை வெள்ளையிலிருந்து நீலத்துக்கு மாறுவது கண்ணாடியில் அப்படியே தெரியும்.

வீடியோ காலில் இருந்துகொண்டே கேமராவைத் திறந்து ஒரு ஃபோட்டோ எடுக்கலாமா?

அம்மா கேட்ட கேள்வி. மாத்திரை அட்டையை ஃபோட்டோ எடுத்து அண்ணனுக்கு அனுப்பப் பார்த்தார், முகம் நின்றுபோனது.

கேமராவைச் சாதாரணமாக ஒரு நேரத்தில் ஒரு ஆப்தான் வைத்துக்கொள்ள முடியும். ஆண்ட்ராய்டில் நீங்கள் கேமரா ஆப்பைத் திறந்ததும், முன்னால் நிற்பவருக்கே முன்னுரிமை என்று கால் ஆப்பிடமிருந்து கேமராவைப் பிடுங்கி அதற்குக் கொடுத்துவிடும். எதிரில் இருப்பவருக்கு உங்கள் படம் உறையும் அல்லது கருப்பாகும். குரல் மட்டும் போகும். சில ஃபோன்களில் கேமரா ஆப்தான் திறக்காமல் அடம்பிடிக்கும்.

அம்மாவுக்கு நான் சொல்லிக்கொடுத்தது வேறு வழி. கால் திரையிலேயே கேமராவைத் திருப்பும் பொத்தான் இருக்கிறது. அதைத் தொட்டுப் பின் கேமராவுக்கு மாற்றி, மாத்திரை அட்டையை வெளிச்சத்தில் ஆடாமல் காட்ட வேண்டியது. அண்ணன் அந்தப் பக்கம் ஸ்க்ரீன்ஷாட் எடுத்துக்கொள்வான். ஏற்கெனவே எடுத்து வைத்த ஃபோட்டோவை கேலரியிலிருந்து அனுப்புவதில் எந்தத் தடையும் இல்லை.

இதே தகவலைத் திருப்பிப் பார்த்தால் ஒரு எச்சரிக்கை. வாட்ஸ்அப் காலில் யாராவது உங்களை ஸ்க்ரீன்ஷாட் எடுத்தால் உங்களுக்கு அறிவிப்பு எதுவும் வராது.

வாய்ஸ் மெசேஜ் அனுப்ப முடியுமா?

கால் ஓடும்போது வாட்ஸ்அப் வாய்ஸ் மெசேஜ் பதிவுக்கு ஒத்துக்கொள்ளாது. மைக் ஏற்கெனவே வேலையில் இருக்கிறது. எழுதி அனுப்புங்கள்.

பேசிக்கொண்டே பாட்டோ யூடியூபோ ஓடவிட்டால்?

ஓடும், ஆனால் சந்தோஷமாக இருக்காது. சில ஆப்கள் கால் இருப்பதைப் பார்த்துத் தாமாகவே நின்றுவிடும். நிற்காதவற்றின் ஒலியை ஃபோன் தணித்துவிடும். ஸ்பீக்கரில் ஓடினால் அந்தச் சத்தம் மைக் வழியாகத் திரும்பப் போகாமல் இருக்க எதிரொலி நீக்கும் மென்பொருள் பாடுபடும். அந்த முயற்சியில் உங்கள் குரலும் சேர்ந்து வெட்டுப்பட்டு, எதிரில் இருப்பவர் "ஹலோ, ஹலோ, விட்டு விட்டுக் கேக்குது" என்பார்.

ப்ளூடூத் காதுமாட்டி போட்டிருந்தால் இன்னொரு விசித்திரம். பாட்டு மட்டும் கேட்கும்போது தேனாக இருக்கும் அதே காதுமாட்டியில், கால் வந்ததும் எல்லாமே கிணற்றுக்குள்ளிருந்து வருவதுபோல் ஒலிக்கும். அது பழுது இல்லை. ப்ளூடூத்தில் பாட்டுக் கேட்பதற்கு ஒரு வழி, பேசுவதற்கு வேறு வழி. மைக்கும் சேர்ந்து வேலை செய்ய வேண்டும் என்றதும் தரம் குறைந்த இரண்டாவது வழிக்கு மாறிவிடும். கடையில் போய் சண்டை போட்டுக் காதுமாட்டியை மாற்றிக்கொண்டு வந்த நண்பனுக்கு, புதிதும் அதே கிணறுதான்.

இன்னொன்று, ஆண்ட்ராய்டில் சின்ன ஜன்னல் ஒரு நேரத்தில் ஒன்றுதான். கால் ஒரு மூலையிலும் யூடியூப் இன்னொரு மூலையிலும் வைக்க முடியாது. சேர்ந்து படம் பார்ப்பதுதான் நோக்கம் என்றால் அதற்கென்றே வழி இருக்கிறது. ஐஃபோன்காரர்களுக்கு ஃபேஸ்டைமில் 2021-ல் வந்த ஷேர்ப்ளே. வாட்ஸ்அப்பில் ஸ்க்ரீன் ஷேரோடு ஒலியையும் அனுப்பும் வசதி 2024-ல் வந்தது. ஆனால் கட்டண ஓடிடி படங்கள் பெரும்பாலும் ஸ்க்ரீன் ஷேரில் கருப்பாகத்தான் போகும். திருட்டுப் பதிவைத் தடுக்க அவர்கள் போட்டிருக்கும் பூட்டு அது.

நடுவில் சாதாரண ஃபோன் கால் வந்தால்?

எடுத்தால் வீடியோ கால் நிறுத்தி வைக்கப்படும். அவர் பக்கம் காத்திருப்பில் இருப்பதாகக் காட்டும். முடித்துவிட்டு வந்து தொடரலாம். கேஸ் சிலிண்டர் டெலிவரிக்காரர் கூப்பிடும்போது கட் செய்ய முடியாதுதானே.

பேசிக்கொண்டே ஜிபே, பேங்க் ஆப்பில் பணம் அனுப்பலாமா?

தெரிந்தவரோடு சாதாரண வீடியோ காலில் இருந்தால் தாராளமாக. காலில் இருப்பவருக்கு உங்கள் திரை தெரியாது. பின் நம்பர் அடிக்கும்போது வாயால் முணுமுணுக்காமல் இருந்தால் சரி. எங்கள் சித்தி முணுமுணுப்பார்.

நிலைமை மாறுவது ஸ்க்ரீன் ஷேரில். வாட்ஸ்அப்பில் ஸ்க்ரீன் ஷேர் 2023 ஆகஸ்டில் வந்தது. அதை அழுத்தி முழுத் திரையையும் பகிர்ந்தால் நீங்கள் எந்த ஆப்புக்குப் போனாலும் அவரும் கூடவே வருவார். மெசேஜ், கேலரி, ஓடிபி எல்லாம் தெரியும். பேங்க் ஆப்களில் பல, தங்கள் திரையைப் பதிவுசெய்யவோ பகிரவோ விடாமல் தடுத்திருப்பதால் அந்த இடம் மட்டும் கருப்பாகத் தெரியும். ஆண்ட்ராய்டு 15, பகிரும்போது வரும் ஓடிபி அறிவிப்பை மறைக்கப் பார்க்கிறது. இந்த இரண்டையும் நம்பி இறங்காதீர்கள். எஸ்எம்எஸ் ஆப்பைத் திறந்தால் அதில் இருப்பது தெரியத்தான் செய்யும்.

முகம் தெரியாத ஒருவர் "ஸ்க்ரீன் ஷேர் போடுங்க, நான் வழி சொல்றேன்" என்றால் அது உதவி இல்லை. கேஒய்சி, பார்சல், மின்கட்டணம், பணம் திரும்ப வரவேண்டியிருக்கிறது என்று காரணம் மட்டும் மாறிக்கொண்டே இருக்கும். தூரத்திலிருந்து திரையைப் பார்க்க விடும் எனிடெஸ்க் போன்ற ஆப்களை வைத்து யுபிஐ பணத்தை எடுக்கிறார்கள் என்று ரிசர்வ் வங்கி 2019 பிப்ரவரியிலேயே எச்சரித்தது. அப்போது தனியாக ஒரு ஆப்பை இறக்கச் சொல்ல வேண்டியிருந்தது. இப்போது எல்லோர் கையிலும் இருக்கும் ஆப்பிலேயே அந்தப் பொத்தான் இருக்கிறது.

போலீஸ் என்று வீடியோ காலில் வந்தார்கள், அந்தக் காலைக் கட் செய்யக் கூடாது என்கிறார்கள். என்ன செய்வது?

கட் செய்யுங்கள்.

டிஜிட்டல் அரெஸ்ட் என்று சொல்லப்படும் மோசடி இது. காக்கிச் சட்டை, பின்னால் ஒரு அலுவலகம் மாதிரி அறை, மேசையில் கொடி. உங்கள் பெயரில் போதைப்பொருள் பார்சல், உங்கள் ஆதாரில் கறுப்புப் பணம் என்று தொடங்குவார்கள். பிறகு நாள் முழுக்க வீடியோவை அணைக்காமல் வைத்திருக்கச் சொல்வார்கள். வேறு ஆப் திறக்கக் கூடாது, யாருக்கும் மெசேஜ் அனுப்பக் கூடாது, பேங்க் ஆப்பை மட்டும் திறக்கலாம். வீடியோ கால் ஓடும்போது ஃபோனில் என்னென்ன செய்யலாம் என்பதைத்தான் இந்தப் பக்கத்தில் பேசிக்கொண்டிருக்கிறோம். செய்யவே கூடாது என்று ஒருவர் உங்களை மிரட்டினால் அந்த மிரட்டலே போதும், ஆள் யார் என்று தெரிந்துவிடும்.

நம் சட்டத்தில் டிஜிட்டல் அரெஸ்ட் என்று ஒன்று கிடையாது. 2024 அக்டோபர் 27 அன்று மன் கி பாத் வானொலிப் பேச்சில் பிரதமர் மோடியே இதைச் சொன்னார். எந்த விசாரணை அமைப்பும் வீடியோ காலில் கைது செய்வதோ பணம் கேட்பதோ இல்லை. பயத்தில் மூளை வேலை செய்யாது என்பதால் ஒரு செய்கையை மட்டும் மனப்பாடம் செய்துகொள்ளுங்கள்: ஃபோனை அணைத்துவிட்டுப் பக்கத்து வீட்டுக் கதவைத் தட்டுவது. பணம் போயிருந்தால் 1930 என்ற எண்ணுக்கு உடனே கூப்பிடுங்கள். சைபர் குற்றங்களுக்கான தேசிய உதவி எண் அது. எவ்வளவு சீக்கிரம் சொல்கிறீர்களோ, பணம் கைமாறிப் போவதற்குள் நிறுத்தி வைக்க அவ்வளவு வாய்ப்பு.

அப்படியானால் ஸ்க்ரீன் ஷேரே வேண்டாமா?

அப்படி இல்லை. நான் வெளியூரில் இருக்கும்போது அம்மாவுக்கு ரயில் டிக்கெட் போடக் கற்றுக்கொடுத்ததே அதில்தான். யார் கூப்பிட்டது என்பதுதான் கேள்வி. நீங்களாகக் கூப்பிட்ட உங்கள் பிள்ளையிடம் காட்டலாம். அப்போதும் நோட்டிஃபிகேஷனை டு நாட் டிஸ்டர்ப் போட்டு அடக்கிவிட்டுக் காட்டுங்கள். மாமியார் பற்றி ஃபோனில் ஓடும் தனி குரூப்பின் மெசேஜ் நடுத்திரையில் இறங்கினால் அதற்கு நான் பொறுப்பில்லை. புது ஆண்ட்ராய்டு ஃபோன்களில் முழுத் திரைக்குப் பதில் ஒரே ஒரு ஆப்பை மட்டும் பகிரும் தேர்வும் வருகிறது. இருந்தால் அதையே பிடித்துக்கொள்ளுங்கள்.

டேட்டா எவ்வளவு இழுக்கும்?

ஒரு மனக்கணக்கு. இருவர் மட்டும் பேசும் நல்ல தரமான வீடியோவுக்கு நொடிக்கு 600 கிலோபிட் போக, 600 கிலோபிட் வர வேண்டும் என்று ஜூம் சொல்கிறது. ஒரு மணி நேரத்துக்குப் பெருக்கினால் போக 270 எம்பி, வர 270 எம்பி, மொத்தம் 540 எம்பி. ஒரு நாளைக்கு 1.5 ஜிபி பேக் போட்டவருக்கு மூன்றில் ஒரு பங்குக்கு மேல் ஒரே காலில் போய்விடும். அதன் மேல் ரீல்ஸும் ஓடவிட்டால் இரண்டும் ஒரே குழாயில் தண்ணீர் பிடிக்கிற கதைதான், முதலில் மங்குவது எதிரில் இருப்பவரின் முகமாக இருக்கும். வாட்ஸ்அப் செட்டிங்ஸில் ஸ்டோரேஜ் அண்ட் டேட்டா என்ற இடத்தில் கால்களுக்குக் குறைந்த டேட்டா என்ற சுவிட்ச் உண்டு. கிராமத்தில் ஒரே கோடு சிக்னலில் பேசுபவர்கள் போட்டு வைக்கலாம்.

ஃபோன் தோசைக்கல் மாதிரி சுடுகிறது.

கேமரா, திரை, சிக்னல், படத்தைச் சுருக்கி அனுப்பும் வேலை என நான்கும் ஒரே நேரத்தில் நடக்கின்றன. சார்ஜும் போட்டுவிட்டு, ரப்பர் கவரும் மாட்டி, வெயிலில் மொட்டைமாடியில் நின்று பேசினால் சுடாமல் என்ன செய்யும்? கவரைக் கழற்றுங்கள், சார்ஜரை எடுங்கள், வேறு ஆப்களை மூடுங்கள்.

வேறு ஆப்புக்குப் போய்ச் சில நிமிடத்தில் கால் தானாக நின்றுவிடுகிறது. ஏன்?

பேட்டரியைச் சேமிக்கிறேன் என்று ஃபோனே செய்யும் வேலை இது. பின்னணியில் இருக்கும் ஆப்பைச் சில கம்பெனி ஃபோன்கள் இரக்கமில்லாமல் மூடிவிடும். ஆப்பின் ஐகானை அழுத்திப் பிடித்து ஆப் இன்ஃபோ போய், பேட்டரியில் அன்ரெஸ்ட்ரிக்டட் என்று மாற்றுங்கள். பேட்டரி சேவரும் அந்த நேரத்தில் அணைந்திருக்கட்டும். ராம் குறைவான ஃபோனில் இதன் எதிர்மறையும் நடக்கும். கால் பிழைத்துக்கொள்ளும், நீங்கள் பாதி நிரப்பிய விண்ணப்பம் மறைந்து முதல் பக்கத்துக்கு வந்து நிற்கும். பேசி முடித்துவிட்டு நிரப்பினால் ஒரு வேலை மிச்சம்.

பையன் ஆன்லைன் வகுப்பில் இருந்துகொண்டே கேம் ஆடுகிறானா என்று எப்படித் தெரியும்?

டீச்சருக்குத் தெரிய வாய்ப்பு குறைவு. வகுப்பைச் சின்ன ஜன்னலில் தள்ளிவிட்டோ, திரையை இரண்டாகப் பிரித்தோ ஆடலாம், ஆடுகிறார்கள். கேட்டால் "நெட்வொர்க் ஸ்லோ" என்று கேமராவையும் அணைத்து வைத்திருப்பார்கள். ஐஃபோனில் இருக்கும் கைடட் ஆக்சஸ், ஆண்ட்ராய்டில் இருக்கும் ஆப் பின்னிங் இரண்டும் ஃபோனை ஒரே ஆப்பில் கட்டிவைக்கும். வெளியே வரப் பின் நம்பர் வேண்டும்படி செய்யலாம். வேலை செய்கிறது. ஆனால் என் அக்கா மகன் பின் நம்பரை இரண்டே நாளில் அவள் விரல் போகும் திசையை வைத்துக் கண்டுபிடித்தான். இப்போது அக்கா அவன் பக்கத்திலேயே உட்கார்ந்து வெங்காயம் உரிக்கிறாள். அது பின் நம்பரைவிட நன்றாக வேலை செய்கிறது.

வண்டியில் போகும்போது மேப் ஓடவிட்டு, மூலையில் வீடியோ காலும் வைத்துக்கொள்கிறேன். தப்பா?

தப்பு. 2019-ல் திருத்தப்பட்ட மோட்டார் வாகனச் சட்டத்தின் 184-வது பிரிவில், ஓட்டும்போது கையடக்கத் தொலைபேசியைப் பயன்படுத்துவது அபாயகரமாக ஓட்டுவதன் கீழ் வருகிறது. முதல் முறைக்கு 1,000 முதல் 5,000 ரூபாய் வரை அபராதம் போடலாம். 2020 அக்டோபரில் அமலுக்கு வந்த விதித் திருத்தம் வழி பார்ப்பதற்கு மட்டும், கவனம் சிதறாத வகையில், அனுமதி கொடுத்தது. மேப் சரி, மூலையில் சிரிக்கும் முகம் சரியில்லை. ஓரமாக நிறுத்திவிட்டுப் பேசுங்கள்.

இத்தனை வம்பு இல்லாமல் இரண்டையும் நிம்மதியாகச் செய்ய வழி இல்லையா?

இருக்கிறது, இரண்டாவது சாதனம். அலமாரியில் கிடக்கும் பழைய ஃபோனில் வைஃபை மட்டும் இருந்தால் போதும். வாட்ஸ்அப் 2023 முதல் ஒரே கணக்கை வேறு ஃபோன்களிலும் இணைக்க விடுகிறது. லிங்க்டு டிவைசஸ் போய் க்யூஆர் கோடை ஸ்கேன் செய்ய வேண்டியதுதான்.

எங்கள் வீட்டில் இப்போது ஞாயிறு காலை கால் அம்மாவின் பழைய ஃபோனில் நடக்கிறது. திரையில் ஒரு கீறல், மற்றபடி நன்றாக இருக்கிறது. அதைச் சர்க்கரை டப்பாவில் சாய்த்து வைத்துவிடுவார். புது ஃபோனில் மாத்திரை அட்டையை ஃபோட்டோ எடுப்பார், ராசிபலன் பார்ப்பார், எனக்குத் தெரியாது என்று நினைத்து கேண்டி க்ரஷும் ஆடுவார். அண்ணன் பாட்டுக்குப் பேசிக்கொண்டிருப்பான்.